செல்லம்மாவின் பால் அட்டை

முதலில் வெறும் இருமல்தான். மழைக்கால ஈரம் என்று இரண்டு மாதம் கஷாயம் குடித்தேன். முந்தானையில் ரத்தம் பட்ட அன்று, தீவுத் தலைநகரின் லம்பா லைன் பகுதியில் இருந்த வீட்டிலிருந்து நானும் வீட்டுக்காரரும் ஆஸ்பத்திரிக்கு ஓடினோம். காசநோய் (நுரையீரலை அரிக்கும் தொற்று) என்றார் டாக்டர். சளியில் கிருமி நீங்கி, எடையும் கூடினால்தான் வீடு.

பக்கத்துக் கட்டிலில் செல்லம்மா. இலங்கையிலிருந்து அனுப்பப்பட்டு, கச்சால் தீவின் ரப்பர் தோட்டத்தில் குடியேறியவள். கைக்குழந்தையைப் புருஷனிடம் விட்டுவிட்டு வந்திருந்தாள். எங்கள் இருவருக்கும் ஒரே நோய், ஒரே ஊசி. ஆனால் ஒரு வெளிநாட்டு உதவிச் சங்கம் தினமும் இரண்டு தம்ளர் பால் கொடுத்தது அவளுக்கு மட்டும்தான். எனக்குச் சொந்தமாக வீடு வாசல் இருந்ததாம்! சனிக்கிழமை எடை பார்க்கும்போது அவளுக்கு ஏறும், எனக்கு முள் அசையாது. எனக்கு வயிறு எரிந்தது.

அவள் எக்ஸ்ரேவுக்குப் போன நேரம் பார்த்து, அவளுடைய பால் அட்டையை எடுத்து என் தலையணை உறைக்குள் செருகிவிட்டேன்.

"கார்டு நஹி, தூத் நஹி" என்று சொல்லிவிட்டார் நர்ஸ். அட்டை இல்லாவிட்டால் பால் இல்லை. புது அட்டை மெயின்லாண்டிலிருந்து கப்பலில் வர மூன்று வாரம்.

அட்டையின் பின்புறம் அந்தச் சங்கத்தின் கதையை இந்தியில் அச்சிட்டிருந்தார்கள். ஏதோ ஒரு போரில் வீடிழந்து வந்தவர்களுக்கு நாலு பெண்கள் ரயிலடியில் பால் காய்ச்சிக் கொடுத்ததில் தொடங்கியதாம். பிறகு நாடு நாடாகப் போயிருக்கிறார்கள். எங்கே போனாலும் வீடிழந்தவருக்கே முதலில் என்பது விதி. மகராசிகள், எனக்கென்று ஒரு வரி சேர்க்கக்கூடாதா என்று கறுவினேன்.

மூன்று வாரத்தில் செல்லம்மா இரண்டு கிலோ இறங்கினாள். என் வீட்டுக்காரர் தினமும் கொண்டுவந்த முட்டையும் மீன்குழம்பும் மெல்ல உடம்பில் ஒட்டி, எனக்கு முள் ஏறியது. நான் கிளம்பலாம் என்றார் டாக்டர். அவள் இன்னும் மூன்று மாதம் இருக்க வேண்டுமாம்.

கிளம்பும்போது அட்டையை அவள் கையில் வைத்து, நான்தான் எடுத்தேன் என்றேன். அவள் அட்டையைப் பார்க்கவே இல்லை.

"ஒங்க வூட்டுக்காரரு கேரியரத் தொறக்குறப்பல்லாம் நான் செவுத்துப் பக்கம் திரும்பிப் படுத்துக்குவேன்க்கா. எனக்கும் எரியத்தான் செஞ்சிச்சு. ஆனா நான் அத எடுத்து ஒளிக்கல."

பிறகு அவளும் தேறிக் கச்சால் கப்பல் ஏறினாள் என்று கேள்விப்பட்டேன். அதற்குள் குழந்தை நடக்கத் தொடங்கியிருக்கும்.

இதே நோயோடு படுத்திருப்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். நுரையீரல் ஆறிவிடும். எனக்குச் சனிக்கிழமைகள்தான் ஆறவில்லை. இன்றைக்கும் தராசில் ஏறினால், முள் எங்கே நின்றாலும் இரண்டு கிலோவைக் கழித்துத்தான் படிக்கிறேன். அது செல்லம்மாவுடையது.