ஆறு மணிச் சீட்டி

நனைந்த பலா இலையை ஒரு சின்ன அலகு புரட்டிப் போடும் "சரக், சரக்" சத்தம் எங்காவது கேட்டால், கிளறுவது கோழியாகவே இருந்தாலும் எனக்கு இந்த வயதிலும் ஆத்திரம் பொங்கிக்கொண்டு வரும். மழைக்காலம் என்றால் மற்றவர்களுக்கு மண்வாசனை, சுடச்சுட சுண்டல் என்று என்னென்னவோ நினைவுக்கு வரலாம். எனக்கு என் மாமாவைப் பழிவாங்கியதுதான் நினைவுக்கு வரும்.

அறுபதுகளில் கடலூர் மஞ்சக்குப்பத்தில் எங்கள் வீட்டுக் கொல்லை பலாவும் வாழையுமாக அடர்ந்து கிடந்தது. ஐப்பசி மழை இறங்குவதற்குக் கொஞ்சம் முன்னால் அங்கே ஆறுமணிக்குருவி வந்துவிடும். இமயமலை அடிவாரத்திலிருந்து பறந்து வருகிற பறவை. வந்து சேரும்போது களைத்துப்போய் யார் வீட்டுக்குள்ளாவது விழுந்து கிடப்பதும் உண்டு. முதுகு பச்சை, தோளில் மின்னும் நீலம், கண்ணுக்கு மை தீட்டியது போல் கறுப்புப் பட்டை, வெள்ளைத் தொண்டை, சந்தன மார்பு, குட்டை வாலுக்கு அடியில் ரத்தச் சிவப்பு. இவ்வளவு அழகை வைத்துக்கொண்டு அது கிளையில் உட்கார்ந்து மினுக்காது, தரையில் தத்தித் தத்தி இலையைப் புரட்டிப் புழு பொறுக்கும். விடியலிலும் அந்தியிலும் ஆறு மணி வாக்கில் இரண்டு சுரத்தில் ஒரு "சீட்டி" அடிக்கும். "குருவி கூப்டாச்சி, வெளக்க ஏத்துங்கடி" என்பது அம்மாவின் தினசரி உத்தரவு. அதற்குத் "தோட்டக்கள்ளன்" என்றும் ஒரு பெயர் உண்டு. புழுவைத் தவிர அது யார் வீட்டில் எதைத் திருடியது என்பது பெயர் வைத்த புண்ணியவானுக்குத்தான் வெளிச்சம். உண்மையான கள்ளன் எங்கள் கூடத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தான்.

எனக்கு அப்போது ஒன்பது வயது. முன்பல் இடுக்கு வழியாக அந்தச் சீட்டியை அப்படியே அடிப்பேன். குருவி பதில் கொடுத்துக்கொண்டே கிணற்றடி வரை தத்தி வரும். "பொட்டப்புள்ள சீட்டி அடிச்சா குடும்பம் வெளங்குமா?" என்று அம்மா குட்டுவாள். பிள்ளைகள் நிறைந்த வீடு, என்னோடு பேச யாருக்கும் நேரமில்லை. எனக்கென்று பதில் சொன்ன ஒரே ஜீவன் அதுதான்.

அம்மாவின் தம்பிதான் மாமா. சிதம்பரத்துக்காரர், மஞ்சக்குப்பத்தில் ஆபீஸ் வேலை கிடைத்து எங்கள் வீட்டில் தங்கியிருந்தார். மழை வந்தால் அவருக்கு மூச்சு "இழுப்பு" வந்துவிடும். ஆறுமணிக்குருவிக் கறி இழுப்புக்குக் கைகண்ட மருந்து என்று எவனோ அவர் காதில் ஓதியிருக்கிறான். ஒரு சாயங்காலம், "நீ சீட்டி அடிச்சா குருவி வருமாமே, எங்க, மாமாவுக்குக் காட்டு பாப்பம்" என்றார். என் சீட்டியைக் கேட்க ஓர் ஆள் கிடைத்த பெருமையில் எனக்குத் தலைகால் புரியவில்லை. கிணற்றடியில் கோழி கவிழ்க்கிற கூடை குச்சியில் சாய்ந்து நின்றதையும், குச்சியில் கட்டிய கயிறு மாமாவின் கையில் இருந்ததையும் பார்த்தும் எனக்கு உறைக்கவில்லை. அடித்தேன். வந்தது. கூடை விழுந்தது.

அம்மா மிளகு போட்டு வறுத்தாள். ஒரு கைப்பிடிக்குக்கூடத் தேறாத கறி. "ஒரு குருவிக்கா இம்மாம் அழுவ? மாமன் மூச்சு வுட வேணாமா?" என்று என்னையே திட்டினாள். மாமா எலும்பைச் சப்பிக்கொண்டே, "ருசியாதாண்டி இருக்கு, ஒரு வாய் திங்கிறியா?" என்று சிரித்தார். பாவி! தின்றதையாவது மன்னித்திருப்பேன், அந்தச் சிரிப்பை மன்னிக்க மாட்டேன்.

மறுநாள் அந்தியில் அவருடைய அறை ஜன்னலுக்குக் கீழே வாழை மறைவில் குந்தி ஒரே ஒரு சீட்டி அடித்தேன். உள்ளே காபி டம்ளர் விழுந்து உருண்டது. அன்றிலிருந்து தினமும், மழை கொட்டினாலும் சாக்கைப் போர்த்திக்கொண்டு போய் அடித்தேன். வேறொரு குருவி வந்திருக்கிறது என்று நினைத்து வீட்டில் விளக்கேற்றினார்கள். மாமாவோ கூடையோடு கொல்லை முழுக்கத் தேடினார். ஓர் இறகுகூட அகப்படவில்லை. "அக்கா, வவுத்துக்குள்ளேருந்து கூப்புடுதுக்கா" என்று அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு அம்மாவிடம் முறையிட்டதைக் கேட்டு என் வயிறு குளிர்ந்தது. கறியை விட்டார், மந்திரித்த கயிறு கட்டிக்கொண்டார். இழுப்பு போகவில்லை, மாமாதான் மாற்றல் வாங்கிக்கொண்டு சிதம்பரத்துக்கே போனார்.

சிதம்பரம் போனால் விட்டுவிடுவேனா? கலியாணம், காதுகுத்து என்று எதற்குப் போனாலும் ஆறு மணிக்கு அவர் ஜன்னல் பக்கம் ஒதுங்கி ஒன்று அடித்துவிட்டுத்தான் கோயிலுக்கே கிளம்புவேன். வைகாசியில் அந்தக் குருவி வடக்கே கூடு கட்டப் போயிருக்கும். மாமாவுக்கு மட்டும் வைகாசியிலும் கூப்பிட்டது. நான் பிள்ளை பெற்ற பிறகும் நிறுத்தவில்லை. யாருக்கும் என்மேல் சந்தேகம் வரவில்லை. குடும்பப் பெண் சீட்டி அடிப்பாளா?

இன்று அந்தக் கொல்லையில் நாலு மாடி நிற்கிறது. உதிர்க்க மரமில்லை, புரட்ட இலையில்லை; ஐப்பசி வருகிறது, குருவி வருவதில்லை. ஆறு மணிக்கு எல்லார் வீட்டிலும் டிவிதான் கூவுகிறது.

போன ஐப்பசியில் சிதம்பரம் போயிருந்தேன். தொண்ணூறை நெருங்கும் மாமா படுத்த படுக்கையாக இருக்கிறார். எனக்கோ முன்பற்கள் போய்விட்டன. ஜன்னலுக்கு வெளியே நின்று ஊதி ஊதிப் பார்த்தேன், வெறும் காற்றுதான் வந்தது. மாமா தலையைத் திருப்பி, காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தார். உள்ளே விளக்கு போட்டார்கள். நான் போய்க் கட்டிலருகே நின்றேன்.

"ஏண்டி, மணி ஆறு தாண்டிடிச்சே, இன்னிக்கு அது கூப்புடலியே?" என்றார். அந்தக் குரலில் பயமே இல்லை; ஏக்கமாகத்தான் கேட்டார்.

"எப்புடிக் கூப்புடும் மாமா? நீதான தின்ன" என்றேன்.