இரண்டு பாத வரப்பு

செருப்பைக் கழற்றிவிட்டு வரப்பில் ஏறி நிற்கிறார் போலீஸ் சேவகர் ஞானசிகாமணி. இரண்டு பாதத்தையும் ஒட்டி வைத்துப் பார்க்கிறார். இடம் இருந்தால், "சண்டைக்கு ஒண்ணுமில்ல, வீட்டுக்குப் போங்க" என்பார். இல்லாவிட்டால் முகம் சுருங்கிவிடும். கம்பத்துக்கும் சின்னமனூருக்கும் நடுவே எந்த ஊரில் பக்கத்து வயல்காரர்கள் மண்வெட்டியை ஓங்கினாலும் இவரைத்தான் அனுப்புகிறார்கள்.

மலையில் அணை கட்டத் தொடங்கியதிலிருந்து இந்தப் பள்ளத்தாக்கில் ஒரு சாண் மண்ணுக்கும் கிராக்கி. தண்ணீர் வருவதற்குள் பாதி மண்டைகள் உடைந்துவிடும் போலிருக்கிறது. சேவகர் யார் பக்கமும் பேசமாட்டார். சிவப்புத் தலைப்பாகையை ஒரு தரம் அழுத்தி வைத்துக்கொள்வார். "நெலம் யாருதுங்கிறத முன்சீப்பு கோர்ட்டுல கேட்டுக்கிருங்க. தீர்ப்பு வர்றவரைக்கும் வரப்புல ஒருத்தரும் கை வைக்கக் கூடாது."

மனிதருக்கு அனுமந்தன்பட்டியில் சொந்த வயல் ஒன்று உண்டு. அதை நினைத்தால்தான் அவருக்குச் சோறு இறங்குவதில்லை. பக்கத்து வயல் கோட்டைச்சாமியுடையது. நடவுக்கு முன் இரு வீட்டாரும் ஒரே நாளில் எதிரெதிரே நின்று, அவரவர் பக்கம் வரப்பைச் செதுக்குவது அங்கே வழக்கம். கண்ணெதிரே யாரும் ஆழமாக வெட்டத் துணியமாட்டார்கள். இந்த வருஷம் திருவிழாக் காவலுக்குப் போன சேவகர், மனைவி பிலோமினாவுக்குச் சொல்லி அனுப்பினார்: "நான் வர்றவரைக்கும் வரப்புல கை வைக்காத." ஊருக்கெல்லாம் சொல்லிப் பழகிய வாய். அந்த அம்மாள் கை வைக்கவில்லை. கோட்டைச்சாமி வைத்தார்.

போன வாரம் பிலோமினா ஸ்டேஷனுக்கே நடந்து வந்துவிட்டார். "அவுகபாட்டுக்கு வெட்டிக்கிட்டே போறாக. நான் ஒத்தப் பொம்பள என்ன செய்ய? இந்தத் தலப்பாவோட ஒரு நட வாங்கன்னா வர மாட்டேங்கிறீக."

"உடுப்போட வந்தா, சொந்தக் காரியத்துக்கு மெரட்டுனேன்னு மனு எழுதிப் போட்டுருவான். வேல போயிரும் புள்ள."

வேலை போனால் அடுப்பு எரியாது. வாயை மூடிக்கொண்டிருந்தால் அடுத்த நடவுக்கு வரப்பே மிஞ்சாது. கடைசியில் வயலைப் பார்க்கக் கிளம்பினார்; ஸ்டேஷனில் எடுபிடி வேலை பார்க்கும் நானும் கூடப் போனேன். ஊர் எல்லையில் நின்று தலைப்பாகையையும் உடுப்புச் சட்டையையும் கழற்றித் துண்டில் சுற்றி என் கையில் கொடுத்தார்.

கோட்டைச்சாமி மண்வெட்டியோடு தம் வயலில் நின்றிருந்தார். "வாங்க போலீஸ்காரரே. எங்க, தலப்பாவக் காணோம்?" என்று சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திச் சொன்னார்: "என் வயலுக்குள்ள கால் படாமப் பாத்து வாங்க. பட்டுச்சுன்னா நான்தான் ஸ்டேசனுக்கு வர வேண்டியிருக்கும்."

சேவகர் செருப்பைக் கழற்றினார். வரப்பில் ஏறி இடது பாதத்தை வைத்தார். அதை ஒட்டி வலது பாதத்தை இறக்கப் போனவர், சட்டென்று நிறுத்திக்கொண்டார். கீழே இருந்தது கோட்டைச்சாமியின் சேறு. தூக்கிய காலை இறக்காமல், ஒற்றைக் காலில் அப்படியே நின்றார்.