புதன் ஓரையில் கொடுத்த செந்தூரம்

திண்டிவனத்துப் பள்ளி ஒன்றில் வரலாறு நடத்தி ஓய்வு பெற்றவன் நான். மறுமலர்ச்சிக் கால ஐரோப்பா வந்தால் எனக்குக் குஷி பிறந்துவிடும். அந்தக் காலத்து வைத்தியர்கள் நட்சத்திரம் பார்த்து மருந்து கொடுத்தது, செவ்வாய்க்கு இரும்பு, புதனுக்குப் பாதரசம் என்று கிரகத்துக்கு ஓர் உலோகம் ஒதுக்கியது, செய்முறையை யாருக்கும் புரியாத குறிகளில் எழுதி ஒளித்தது, எல்லாவற்றையும் நடித்தே காட்டுவேன். பாதரசம் தின்று பல் கொட்டிய நோயாளி மாதிரி வாயைக் குழித்துப் பேசுவேன். வகுப்பு விழுந்து விழுந்து சிரிக்கும்.

போன வருஷம் என் மனைவிக்குச் சர்க்கரை ஏறியது. மாத்திரைக்கு அடங்கவில்லை, இன்சுலின் போட வேண்டும் என்றார்கள். ஊசி என்றாலே அவளுக்கு நடுக்கம். அவள் அழுததில் எனக்கும் புத்தி கெட்டுப்போனது. மயிலம் பக்கத்தில் ஒருவர் சர்க்கரைக்குச் செந்தூரம் கொடுக்கிறார் என்று கேள்விப்பட்டு பஸ் ஏறிவிட்டேன்.

சட்டை மடிப்புக் கலையாத ஆள், கையில் இரண்டு செல்போன். சிவப்புப் பொடியைப் பொட்டலம் கட்டிக்கொண்டே சொன்னார்: "பாதரசத்தைக் கட்டிப் புடம் போட்டதுங்க. புதன்கிழமை, புதன் ஓரையில ஆரம்பிங்க. தேன்ல குழைச்சுக் குடுங்க. யாருகிட்டயும் வெளிய சொல்லிடாதீங்க, சொன்னா பலிக்காது."

மானங்கெட்டவன், ஒரு கேள்வி கேட்டேனா? கும்பிட்டு வாங்கிக்கொண்டேன்.

வீட்டில் என் மனைவிதான் தயங்கினாள். "இது ஒத்துக்குமாங்க?"

"நான் விசாரிக்காமலா வாங்கியாருவேன்?" என்று அதட்டி, அவர் சொன்னதையெல்லாம் அப்படியே ஒப்பித்தேன். அதற்குப் பிறகு அவள் கேட்கவே இல்லை.

இந்த மழைக்காலத்தில் அவளுக்கு முகமும் காலும் வீங்கின. விழுப்புரத்துக்குச் சிறுநீரக டாக்டரிடம் கூட்டிப்போனேன். என்னைப் பார்த்ததும் டாக்டரம்மா எழுந்து நின்றாள். என்னிடம் பத்தாவது படித்தவள். ரிப்போர்ட்டைப் புரட்டப் புரட்ட அவள் முகம் மாறியது.

"நாட்டு மருந்து, செந்தூரம், பஸ்பம்னு ஏதாச்சும் சாப்பிட்டீங்களாம்மா?"

"இல்லம்மா" என்றாள் என் மனைவி பட்டென்று. என் பக்கம் திரும்பக்கூட இல்லை.

டாக்டரம்மா சிரித்தாள். "சார் வீட்ல அதெல்லாம் நுழையுமா? பல்லு கொட்டின மாதிரி பேசிக் காட்டுவீங்களே சார். பேஷண்டுங்களுக்கு நான் இன்னிக்கும் அதைத்தான் சொல்லிக்கினு இருக்கேன்."

நானும் சிரித்தேன். அந்த நாற்காலியில் உட்கார்ந்து, பக்கத்தில் வீங்கிய காலோடு அவள் இருக்க, பல்லைக் காட்டிச் சிரித்தேன். ஊருக்கு உபதேசம் பண்ணினவனுக்கு வேறென்ன வரும்?

டாக்டரம்மா டெஸ்டுகளை எழுத ஆரம்பித்தாள். "காரணம் தெரிஞ்சாதான் சார் கிட்னியக் காப்பாத்தலாம். ரொம்ப நாள் தாங்காது."

நாற்காலியை முன்னே இழுத்துக்கொண்டேன். "நான்தாம்மா குடுத்தேன். பாதரசச் செந்தூரம். நேத்து வரைக்கும் குடுத்துக்கினு இருந்தேன்."

பேனா நின்றது. அவள் திட்டியிருந்தால் தேவலை. "இன்னியோட நிறுத்திடுங்க சார். மீதி இருந்தா எடுத்துக்கினு வாங்க, பாக்கணும்" என்றாள் மெதுவாக. அந்த 'சார்' என்னைப் புழுவாக நெளிய வைத்தது.

வெளியே பெஞ்சில் உட்கார்ந்ததும் என் மனைவி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். நாலு பேர் முன்னால் என்னைத் திட்டட்டும், அதற்குத் தகுந்தவன்தான் என்று தலையைக் குனிந்துகொண்டேன்.

"ஏங்க சொன்னீங்க?" என்றாள். "நான் வாயத் தொறக்காமதானே இருந்தேன். இனிமே அது எப்படிங்க பலிக்கும்?"