நான் எழுதாமல் விட்ட பெயர்

இரக்கம் என்ற சொல்லைக் கேட்டாலே எனக்கு இப்போது பற்றிக்கொண்டு வருகிறது.

உருத்திரபுரத்தில் ஒரு பாடசாலையில் ஒன்பது வருடம் தொண்டர் ஆசிரியையாக இருந்தேன். என்றைக்காவது நிரந்தர நியமனம் தருவார்கள் என்ற நம்பிக்கையில் ஓடிய வருடங்கள். எனக்கு இரண்டு வருடம் பிந்தி ஒருத்தி வந்து சேர்ந்தாள். ஒரே சைக்கிளில் போய்வருவோம், மிதிப்பது எப்போதும் நான்தான். மகள் பிறந்தபோது மூன்று மாதம் வீட்டில் நின்றேன். என் வகுப்பை அவள் பார்த்துக்கொண்டாள்.

நேர்முகத் தேர்வில் அதிகாரி என் கோப்பைப் புரட்டினார்.

"சேவையில இடைவெளி இருக்கு."

"பிள்ளை பெறப் போனனான் ஐயா."

"அது எங்கட பிரச்சினை இல்லை."

அவரையும் ஒருத்தி பெற்றுத்தானே இருப்பாள்! தெரிவானவர்களின் பட்டியலை அலுவலகச் சுவரில் ஒட்டினார்கள். பதினான்கு பேர். பதினோராவது அவள். நான் இல்லை. எனக்கு நாற்பத்துநான்கு முடிந்திருந்தது. நாற்பத்தைந்து தாண்டினால் விண்ணப்பிக்கவே முடியாது. பட்டியலைக் கொப்பியில் எழுதிக்கொண்டு வவுனியாவுக்குப் போய் ஒரு சட்டத்தரணி அம்மாவைப் பிடித்தேன்.

"நியமனம் கிடைச்ச எல்லாரையும் எதிர்மனுதாரராப் போடவேணும்" என்றார் அவர். "ஒருத்தரை விட்டாலும் மனு நிக்காது. பேரையெல்லாம் வடிவா எழுதித் தாங்கோ."

"அவையள் எனக்கு ஒண்டும் செய்யேல்லையே."

"அவையின்ர வேலையில கை வைக்கிற வழக்கு. அவையளைக் கேளாமல் நீதிமன்றம் தீர்க்காது."

பஸ் நிலையத்து மரவாங்கில் குந்தியிருந்து எழுதினேன். பத்துப் பெயர் மளமளவென்று வந்தது. பதினோராவதில் கை நின்றது. புருசன் விட்டுவிட்டுப் போனவள், மூன்று பிள்ளைகள். நீதிமன்றக் கடிதம் வீட்டுக்குப் போனால் உயிரே போய்விடும் அவளுக்கு. அந்தப் பெயரை விட்டுவிட்டு மிச்சத்தை எழுதினேன். "முழுசோ?" என்று சட்டத்தரணி கேட்டார். "ஓம், முழுசு" என்றேன், வாய் கூசாமல்.

மற்றப் பதின்மூன்று பேருக்கும் பதிவுத் தபால் போனது. தெருவில் கண்டவர்கள் முகத்தைத் திருப்பினார்கள். அவர்களில் ஒருத்தியின் தாய் சந்தையில் வைத்து, "மற்றவேன்ர சோத்தில மண் போடுறாள்!" என்று கத்தினாள். நான் வெங்காயம் பொறுக்கினேன். நீங்கள் எல்லாரும் எரிந்து போங்கோ என்று மனதுக்குள் திட்டினேன்.

வழக்குத் தவணையன்று அரச தரப்புச் சட்டத்தரணி எழும்பி, பட்டியலின் பதினோராவது ஆள் மனுவில் இல்லை என்றார். அவ்வளவுதான். என் ஒன்பது வருடத்தைப் பற்றி ஒரு சொல் பேசவில்லை. மனு தள்ளுபடி. என் சட்டத்தரணி என்னைத் திரும்பிப் பார்த்தார்.

இரண்டு நாளில் அவளே என் படலைக்கு வந்தாள், அழுதுகொண்டு.

"எல்லாருக்கும் கடிதம் வந்தது, எனக்கு மட்டும் வரேல்லை அக்கா. பயந்துபோய் ஒப்பீசில கேட்டனான், என்ர வேலைக்குப் பிரச்சினை இல்லைத்தானே எண்டு. அவையள் உடன என்ர பேரைக் குறிச்சு எடுத்தவை. இப்பிடி வருமெண்டு எனக்குத் தெரியாதக்கா."

"போடி!" என்று படலையைச் சாத்தினேன்.

நாற்பத்தைந்தும் தாண்டிவிட்டது. அந்த மூன்று மாத இடைவெளியில் பிறந்த என் மகள் இந்த வருடம் அவள் படிப்பிக்கிற வகுப்பில் இருக்கிறாள். நேற்று மகள் முன்னேற்ற அறிக்கையை நீட்டினாள். வகுப்பாசிரியர் என்ற இடத்தில் அவளுடைய கையெழுத்து. கீழே பெற்றோருக்கான இடம் வெறுமையாக இருந்தது.

"ரீச்சர் உங்களைச் சுகம் கேட்டவா அம்மா."

பேனை தாளைக் கிழிக்கிற மாதிரி அழுத்திக் கையெழுத்து வைத்தேன்.

"நல்ல சுகம் எண்டு சொல்லு" என்றேன்.