மல்லகெரே ஜங்ஷன் குழாயடி

மல்லகெரே ஜங்ஷனுக்குள் வந்த ரயில், வந்த வழியாகவேதான் வெளியே போகும். ஓஸ்வால்டைப் பற்றி எழுத உட்கார்ந்தால் முதலில் இதைச் சொல்ல வேண்டியிருக்கிறது. இது விளங்காவிட்டால் அவர் வாழ்க்கை விளங்காது.

பொம்மசந்திரா தொழிற்பேட்டைக்குப் பின்னால், ஏரிக்கரையை ஒட்டிய சின்ன ஸ்டேஷன் அது. பெங்களூரிலிருந்து வரும் பாதையும், குவாரி ஊர்களிலிருந்து வரும் கிளைப் பாதையும் அதற்குள் ஒரே பக்கமாக, மேற்கு முனை வழியாக நுழைகின்றன. கிழக்கு முனையில் தண்டவாளம் ஒரு மண்மேட்டில் முட்டி முடிந்துவிடும். ஏரி குறுக்கே கிடந்ததால் அப்படிக் கட்டினார்கள் என்று சொல்வார்கள். அதற்கான ஆதாரம் எதையும் நான் பார்த்ததில்லை.

ஆகவே குவாரி ஊரிலிருந்து பெங்களூருக்குப் போகும் வண்டி இங்கே வந்து நிற்கும். கிழக்கு முனையில் எஞ்சினைக் கழற்றுவார்கள். அது பக்கத்துத் தண்டவாளத்தில் சுற்றிக்கொண்டு போய் வண்டியின் மேற்கு முனையில் மாட்டிக்கொள்ளும். பிறகு வண்டி வந்த திசையிலேயே புறப்பட்டு, ஸ்டேஷனைத் தாண்டியதும் பெங்களூர்ப் பாதைக்குப் பிரியும். மதியத் தூக்கத்தில் இருந்து விழித்த பயணிகள், சற்று முன் கடந்த அதே செங்கல் சூளையும் அதே தண்ணீர்த் தொட்டியும் எதிர்த்திசையில் ஓடுவதைப் பார்த்துக் கலவரப்படுவார்கள். அது எங்களுக்குத் தினசரி வேடிக்கை.

எங்களுக்கு என்பது, அங்கே வேலை பார்த்தவர்களுக்கு. நான் டிக்கெட் கொடுக்கும் குமாஸ்தா. ஓஸ்வால்ட் பாயிண்ட்ஸ்மேன், எஞ்சினைக் கழற்றுவதும் மாட்டுவதும் அவர் வேலை. இதில் நான் கண்ணால் பார்த்தது உண்டு, அவர் என்னிடம் சொன்னது உண்டு. இரண்டையும் கலக்காமல் எழுத முயன்றிருக்கிறேன்.

அன்றைய ஸ்டேஷனில் இருந்த வசதிகள் கொஞ்சம்தான். கருங்கல் சுவரும் மங்களூர் ஓடும் போட்ட கட்டடம், அதில் பெண்களுக்கு ஒரு காத்திருப்பு அறை, ஒரு டீக்கடை, இரண்டு தூங்குமூஞ்சி மரங்கள், அவற்றின் அடியில் கல் பெஞ்சுகள். குடிதண்ணீர்க் குழாய் ஒன்றே ஒன்று. அதுவும் பிளாட்பாரத்தின் கிழக்குக் கோடியில். தண்ணீர் நூல் மாதிரி வரும். பிளாட்பாரம் வில்லாக வளைந்திருப்பதால், குழாயடியில் நிற்பவருக்கு வண்டியின் மேற்கு முனை தெரியாது. இப்போது பயணிகள் மேம்பாலம் இருக்கிறது, மின்னணுப் பலகை இருக்கிறது, பூட்டியே கிடக்கும் புதுக் கழிப்பறை இருக்கிறது. குழாய் இருக்கிறது, அதில் தண்ணீர் இல்லை, இணைப்பைத் துண்டித்துவிட்டார்கள்.

ஓஸ்வால்ட் பெங்களூர் கண்டோன்மென்ட்டில் பிறந்தவர். அப்பா சர்ச்சில் மணியடித்தவர். மனைவி பிரிஜெட் பள்ளி ஆசிரியை, மகன் க்ளென் எலெக்ட்ரானிக் சிட்டியில் ஏதோ ஒரு கம்பெனியில் இருக்கிறான். வேலைக்கு வந்த புதிதில் ஓஸ்வால்டைப் போல வாயாடி அந்த லைனில் கிடையாது. வண்டி நிற்கும் நேரமெல்லாம் ஜன்னல் ஜன்னலாக வம்பளப்பார். அவரோடு வேலை பார்த்த டென்சில், ‘இவன எஞ்சின்ல மாட்டினா டீசலே வேணாம், பேச்சுலயே பெங்களூர் போயிடும்’ என்பான்.

தொண்ணூற்று நான்காம் ஆண்டு கோடையில் ஒரு நாள் மதியம் குவாரி வண்டி புறப்பட்ட கொஞ்ச நேரத்தில் கிறீச்சிட்டு நின்றது. நான் ஜன்னலை மூடிவிட்டு ஓடினேன். பிளாட்பாரத்துக்கும் கடைசிப் பெட்டிக்கும் நடுவில் ஓர் இளம்பெண் கிடந்தாள். சற்றுத் தள்ளி ஒரு பால் பாட்டில் உடையாமல் கிடந்தது. நடுப்பெட்டி ஒன்றில், இருக்கையில் துண்டு விரித்துக் கிடத்தியிருந்த கைக்குழந்தை அழுதுகொண்டிருந்தது. பெண்ணின் பெயர் நோரா. புருஷன் வீட்டில் சண்டை போட்டுக்கொண்டு கண்டோன்மென்ட்டில் இருந்த அம்மா வீட்டுக்குக் குழந்தையோடு புறப்பட்டவள் என்பது பின்னால் தெரிந்தது. ஓடும் ரயிலிலிருந்து விழுந்து மரணம் என்று விசாரணை முடிந்தது. குழந்தையைப் புருஷன் வீட்டார் வந்து வாங்கிப் போனார்கள்.

அதன் பிறகு ஓஸ்வால்ட் வம்பளக்கவில்லை. எஞ்சினைக் கழற்றியதும் வண்டியின் நீளத்துக்கு நடப்பார். ஒவ்வொரு ஜன்னல் கம்பியையும் விரலால் தட்டி, எஞ்சின் அந்தப் பக்கம் மாட்டுகிறார்கள், வண்டி சீக்கிரம் எடுத்துவிடும், யாரும் இறங்க வேண்டாம் என்று தமிழிலும் கன்னடத்திலும் உருதுவிலும் சொல்லிக்கொண்டு போவார். அது அவர் வேலை இல்லை. புதிதாக வந்த ஸ்டேஷன் மாஸ்டர் ஒருவர் கண்டித்துப் பார்த்தார். டென்சில், பாதிரியார் ஜெபத்துக்குக் கிளம்பிவிட்டார் என்று கேலி செய்து பார்த்தான். மழையிலும் காய்ச்சலிலும் அவர் நடந்தார்.

அவர் குழாயடிப் பக்கம் போவதில்லை என்பதை நான் கவனிக்கச் சில வருஷம் ஆயிற்று. கை முழுக்கக் கிரீஸோடு டீக்கடைக்காரரிடம் தண்ணீர் கேட்டு நிற்பார். ஒரு நாள் காரணம் கேட்டேன்.

“அந்தம்மா அங்க நிக்குது சார்,” என்றார். குரலைத் தாழ்த்தக்கூட இல்லை. “மதியானத்துல. வண்டி நிக்குமான்னு கேக்குது.”

“நீ என்ன சொல்லுவே?”

“நான் பதிலே சொல்றதில்ல. கண்ண மூடிக்குவேன். கொஞ்ச நேரத்துல போயிடும்.”

நான் எதையும் பார்த்ததில்லை. ஆனால் ஒன்றை எழுதாமல் விட்டால் பொய்யாகிவிடும். குழாய் இணைப்பைத் துண்டித்த பிறகும், வெயில் கொளுத்தும் மாதங்களில் கூட, மதியத்தில் அந்தக் குழாயின் அடியில் சிமெண்டுத் தரை ஈரமாக இருந்ததைப் பல தடவை தொட்டுப் பார்த்திருக்கிறேன். ஏரி ஊற்றாக இருக்கலாம். காலையில் ஏன் காய்ந்திருக்கிறது என்பதற்கு என்னிடம் விடை இல்லை.

சில வருஷங்களுக்கு முன் ஸ்டேஷனுக்கு வெளியிலேயே இரண்டு பாதைகளையும் இணைத்துப் புதுத் தண்டவாளம் போட்டார்கள். எஞ்சின் மாற்றுவது நின்றது. பெரும்பாலான வண்டிகள் இப்போது ஸ்டேஷனுக்குள் வருவதே இல்லை. காலையும் மாலையும் பொம்மசந்திரா, ஹெப்பகோடித் தொழிலாளர்கள் ஏறி இறங்கும் லோக்கல்களோடு சரி. அதற்குள் நாங்கள் இருவருமே ஓய்வு பெற்றுவிட்டோம். ஆனாலும் ஓஸ்வால்ட் மதியம் வந்து கல் பெஞ்சில் உட்காருவார். ரிட்டயர் ஆன மனுஷனுக்கு டிபன் பாக்ஸ் எதற்கு என்று பிரிஜெட் என்னிடம் குறைப்பட்டார். எனக்கும் வீடு பக்கம்தான். அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்துகொள்வேன். ஏன் வருகிறாய் என்று ஒரு முறை கேட்டதற்கு, யாரும் இல்லாத ஸ்டேஷனில் அந்தம்மா தனியாகக் கேட்டுக்கொண்டு நிற்குமே என்றார்.

சென்ற மார்ச்சில் ஒரு மதியம். பிளாட்பாரத்தில் எங்கள் இருவரைத் தவிர யாரும் இல்லை. நான் கண் அயர்ந்துவிட்டேன் போலிருக்கிறது. விழித்தபோது குழாயடியில் ஒரு பெண் குனிந்து நின்றுகொண்டிருந்தாள். கையில் தண்ணீர் பாட்டில். குழாயைத் திருகிப் பார்த்துவிட்டு எங்களை நோக்கி வந்தாள்.

“அங்கிள், இங்க ட்ரெயின் நிக்குமா?”

ஓஸ்வால்ட் கண்களை மூடிக்கொண்டார். கைகள் முழங்காலைப் பிடித்திருந்தன. அவள் மறுபடி கேட்டாள்.  மாலையில் லோக்கல் வரும் என்று நான் சொன்னேன். என் குரல் கேட்டதும் அவர் மெல்லக் கண்ணைத் திறந்து, அவளைப் பார்க்காமல் என்னைப் பார்த்தார்.

“சார், ஒங்களுக்கும் தெரியுதா?”

“தெரியுது ஓஸ்வால்ட். நெஜமான பொண்ணுதான்.”

அவள் நோராவின் மகள் ஆஞ்சலா; அம்மா இறந்த இடத்தைப் பார்க்க வந்ததாகச் சொன்னாள். பெயரைச் சொன்னபோதும் ஓஸ்வால்ட் பெஞ்சின் ஓரத்தை விடவில்லை. அந்த நெற்றியும் அந்த நிற்கும் விதமும் அப்படியே என்று பிறகு என்னிடம் சொன்னார். எனக்கு நோராவின் முகம் நினைவில்லை; நான் பார்த்தபோது அது பார்க்கும்படி இல்லை.

ஆஞ்சலா எலெக்ட்ரானிக் சிட்டியில் வேலை பார்க்கிறாள். கணவன் பரத், போன வருஷம் ஒரு பெண் குழந்தை பிறந்திருக்கிறது; அன்று அவனிடம் விட்டு வந்திருந்தாள். குழந்தை பிறந்ததிலிருந்து தூக்கம் இல்லை என்றாள். குழந்தையைத் தனியாக விட்டுப் பக்கத்து அறைக்குக்கூடப் போக முடியவில்லை. போனால் திரும்பி வராமல் போய்விடுவோமோ என்று பயம். டாக்டரிடமும் காட்டியாகிவிட்டது. அவளை வளர்த்த அத்தை சின்ன வயதிலிருந்து ஒன்றையே சொல்லி வந்திருக்கிறார்: உன் அம்மா உன்னை ரயிலில் போட்டுவிட்டு ஓடப் பார்த்தாள், குதித்தாள், செத்தாள். அந்த ரத்தம்தானே தன் உடம்பில் ஓடுகிறது என்று ஆஞ்சலா கேட்டாள். அழவில்லை. கணக்குக் கேட்பவள் மாதிரிக் கேட்டாள்.

ஓஸ்வால்ட் முதன்முறையாக அவளை நிமிர்ந்து பார்த்தார். அம்மா குதிக்கவில்லை என்றார். ஒனக்குப் பால் கலக்கத் தண்ணி பிடிக்க எறங்கினாங்க. வண்டி எடுத்துட்டான். ஏறத்தான் ஓடினாங்க, கம்பி கைக்கு வந்துச்சி, கால் வழுக்கிடுச்சி. இதை விசாரணையிலும் சொன்னேன் என்றார்.

இதைக் கேட்டு அவள் முகம் தெளியும் என்று நான் நினைத்தேன். தெளியவில்லை.

“வண்டி கால் மணி நேரத்துக்கு மேல நின்னுச்சுன்னு அத்தை சொல்லுவாங்க,” என்றாள். “இந்த பாட்டில ரொப்ப அஞ்சு நிமிஷம் போதும். ரொப்பினதும் ஏன் வந்து ஏறல? குழந்தை உள்ள தனியா கெடக்கு. ஏன் அவசரமே படல? போலாமா வேணாமான்னு யோசிச்சிட்டு நின்னாங்க. அதானே அங்கிள்?”

ஓஸ்வால்ட் டிபன் பாக்ஸின் மூடியைத் திறந்து மறுபடி மூடினார்.  முப்பது வருஷமாக நான் அதைக் கேட்டுக்கொண்டதே இல்லை. அவள் பையைத் தோளில் மாட்டினாள். தான் நினைத்ததுதான் சரி என்று உறுதியாகிவிட்டதைப் போலிருந்தது அவள் நின்ற நிலை.

“ஒக்காரும்மா,” என்றார் ஓஸ்வால்ட். “நான்தான் அவசரம் இல்லன்னு சொன்னேன்.”

அன்று எஞ்சினைக் கழற்றிவிட்டு அவர் அந்தக் குழாயில் கை கழுவிக்கொண்டிருந்தார். நோரா பாட்டிலோடு பின்னால் காத்திருந்தாள். வண்டி நிற்குமா அண்ணா என்று கேட்டாள். அவளுக்கு எதிரே வண்டியின் மொட்டை முனை தெரிந்தது, எஞ்சின் இல்லை. சுற்றிப் போன எஞ்சின் வளைவுக்கு அப்பால், மறுமுனையில், டென்சில் கையால் அநேகமாக மாட்டப்பட்டுவிட்டது. அது அவளுக்குத் தெரிய வழியில்லை.

“‘எஞ்சினே இல்லாத வண்டி எங்கம்மா போவும்?’ன்னேன்,” என்றார்.

அந்த ஸ்டேஷனில் எல்லோரும் சொல்லும் வார்த்தை அது. டீக்கடைக்காரர் சொல்வார், டென்சில் சொல்வான், டிக்கெட் ஜன்னலில் நானும் சொல்லியிருக்கிறேன். எங்களுக்கு முன்னால் இருந்தவர்களிடமிருந்து எங்களுக்கு வந்தது. உள்ளூர்க்காரர்கள் சிரித்துவிட்டு ஓடிப் போய் ஏறிக்கொள்வார்கள். எஞ்சின் இருக்கும் இடம் அவர்களுக்குத் தெரியும்.

“சொல்லிட்டு டீ குடிக்கப் போயிட்டேன். அங்கேருந்து பாத்தேன், அந்தம்மா என் பேச்ச நம்பி, பாட்டில கழுவி, மூடியக் கழுவி, நிதானமா தண்ணி புடிச்சிகினு இருந்துச்சி. வண்டி நவுந்தப்ப அதுக்குப் புரியவே இல்ல. எஞ்சின் இல்லாம வண்டி எப்பிடிப் போவுதுன்னு பாத்துகினு நின்னுச்சி. அப்புறந்தான் ஓடிச்சி.” மூச்சு வாங்கிக்கொண்டார். “விசாரணையில இத மட்டும் சொல்லல. யாராண்டயும் சொல்லல. பிரிஜெட்டுக்குத் தெரியாது, சாருக்குத் தெரியாது. யோசிச்சிகினு நிக்கலம்மா. ஒன்ன விட்டுட்டுப் போறதுன்னா பாட்டிலுக்கு மூடிய எதுக்குக் கழுவணும்?”

 ஆஞ்சலா கோபப்படுவாள் என்று எதிர்பார்த்து ஓஸ்வால்ட் தலையைக் குனிந்துகொண்டார். மேற்கே புதுப் பாதையில் ஒரு வண்டி நிற்காமல் போயிற்று. அதன் சத்தம் முழுக்கத் தேய்ந்த பிறகுதான் அவள் வாய் திறந்தாள்.

“நீங்க அப்படிச் சொன்னப்ப அம்மா சிரிச்சாங்களா?”

அவர் திகைத்தார்.  குழாயடியை நோக்கித் திரும்பினார். அங்கே எதைப் பார்த்தாரோ தெரியாது. இந்த முறை கண்ணை மூடவில்லை.

“சிரிச்சாங்க,” என்றார். “ஆமா. சிரிச்சாங்கம்மா. நல்லாவே சிரிச்சாங்க.”

அம்மா சிரித்ததாக இதுவரை யாரும் தன்னிடம் சொன்னதில்லை என்றாள் ஆஞ்சலா. வீட்டில் இருப்பது ஒரே ஒரு கல்யாண போட்டோ. அதில் வாய் இறுகி இருக்கும். எப்படிச் சிரித்தாள் என்று காட்ட முடியுமா என்று கேட்டாள்.

ஓஸ்வால்ட் யோசித்தார். பிறகு ஒரு கையை மார்பருகே, பாட்டிலைப் பிடித்திருப்பது போல வைத்துக்கொண்டு, தலையைப் பின்னால் சாய்த்து, வாயை அகலத் திறந்தார். சத்தம் எதுவும் வரவில்லை. ஆஞ்சலா அவர் முன்னால் பிளாட்பாரத் தரையில் உட்கார்ந்து அந்த முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் போதும் என்று சொல்லும்வரை அவர் அப்படியே இருந்தார்.