மாற்றி எழுதிய கேள்வி

பள்ளி ஆண்டு மலருக்கு என் அக்காவைப் பற்றி எழுதித் தரச் சொன்னார்கள். "பிள்ளைங்க படிக்கிற மாதிரி, தன்னம்பிக்கையா எழுதுங்க மேடம்" என்றார் தமிழ் வாத்தியார். தன்னம்பிக்கையாம்! காதும் கேட்காமல் கண்ணும் தெரியாமல் கலெக்டர் ஆபீஸ் படியேறி, தன்னைப் போன்றவர்களுக்காக மனுக் கொடுத்தவள் எங்கள் பக்கத்தில் முதலில் அவள்தான். அதை எழுத ஆட்கள் இருக்கிறார்கள். பேப்பரில் போட்டோவோடு வந்தாயிற்று. அதில் எதிலும் வராத ஒன்று என்னிடம் இருக்கிறது, நான் அதைத்தான் எழுதப்போகிறேன். வாத்தியார் போட்டால் போடட்டும், கிழித்தால் கிழிக்கட்டும்.

அக்கா என்னைவிட ஐந்து வயது மூத்தவள். எட்டு வயதில் அவளுக்குக் காது மந்தமாக ஆரம்பித்து, பத்து வயதில் சுத்தமாக நின்றுபோனது. பதினைந்தில் மாலைக்கண் போல வந்தது, இருபதுக்குள் பார்வையும் போய்விட்டது. இரண்டும் ஒரே கோளாறு, பிறவியிலேயே உள்ளது என்றார் டாக்டர். ஐந்தாவதோடு படிப்பு நின்றது. ஆனால் பேச்சு நிற்கவில்லை. தன் குரல் தனக்கே கேட்காததால் எதையும் கத்தித்தான் சொல்வாள். அவள் சொல்வது தெருவுக்கே கேட்கும். தெரு சொல்வது அவளுக்குப் போய்ச் சேர இருந்த ஒரே வழி என் ஆள்காட்டி விரல்.

அவளுடைய உள்ளங்கையில் எழுத்து எழுத்தாக எழுதுவேன். ஒரு சொல் முடிந்தால் ஒரு தட்டு. தப்பாகிவிட்டால் உள்ளங்கையை ஒரு தரம் துடைத்துவிட்டு மறுபடி எழுத வேண்டும். சுழி சரியாக வராவிட்டால், "இன்னாடி இது, கோழி கிளர்ற மாதிரி எழுதிகினு கீற?" என்று ஏசுவாள். அம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அப்பாவுக்குக் கையெழுத்து மட்டும் போடத் தெரியும். வயிற்றில் தட்டினால் சாப்பாடு, தோளைப் பிடித்துச் சாய்த்தால் படுக்கை என்று அவர்கள் இருவரும் அவளிடம் சில தொடுகைகளை வைத்திருந்தார்கள். மற்றதற்கெல்லாம் நான்தான்.

எங்களுடையது ஆரணியில் ஒரு தறி வீடு. அப்பா நெய்வார். அக்கா தார் சுற்றுவாள், அதாவது புடவையில் குறுக்கே ஓடும் பட்டு நூலைச் சின்னக் குழலில் சுற்றித் தருவாள். தறி நின்றால் தரை அதிர்வதும் நிற்கும். உடனே, "இழை அறுந்துச்சாப்பா?" என்று உள்ளேயிருந்து கத்துவாள். அப்பா சிரித்துக்கொண்டே தலையாட்டுவார். அவர் தலையாட்டியதைச் சொல்ல நான் புத்தகத்தை வைத்துவிட்டு எழுந்து போக வேண்டும்.

முதலில் எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. போகப்போக பேஜாராகிவிட்டது. வீட்டில் எல்லாரும் விழுந்து விழுந்து சிரிக்கும்போது அவள் கையை நீட்டி, "இன்னா, இன்னா?" என்பாள். "சும்மா" என்று எழுதிவிட்டுப் போய்விடுவேன். அரை மணி நேரப் பேச்சை ஒரு சொல்லில் முடிப்பதில் நான் பெரிய கெட்டிக்காரி. இதை எழுதும்போது என்னை நானே அறைந்துகொள்ளலாம் போல இருக்கிறது.

தொண்ணூற்றாறு ஜனவரியில், நான் பிளஸ் டூ படிக்கும்போது, ஆரணியில் ஒரு பள்ளிக்கூடத்தில் ஊனமுற்றோர் முகாம் நடந்தது. அம்மா, அக்கா, நான் மூன்று பேரும் போனோம். சென்னையில் ஒரு பயிற்சிப் பள்ளியிலிருந்து வந்திருந்த அம்மா ஒருவர் எங்கள் பெஞ்சுக்கு வந்தார். வந்தவர்கள் எல்லாரும் அக்காவின் தலைக்கு மேலே அம்மாவிடம் பேசினார்கள். இவர் மட்டும் கீழே குந்தி உட்கார்ந்து, அக்காவின் முழங்காலை லேசாகத் தொட்டுவிட்டுப் பிறகு கையைப் பிடித்தார்.

"ஒரு வருஷப் பயிற்சிங்க. பிரெயில் படிக்கலாம். குச்சி வெச்சு தனியா நடக்கக் கத்துக்கலாம். தங்கறது, சாப்பாடு எல்லாம் எங்க பொறுப்பு. மொத மூணு மாசம் மட்டும், கையில எழுதத் தெரிஞ்ச ஒருத்தர் வீட்லேர்ந்து கூட வந்து தங்கணும்" என்றார்.

அம்மா என்னைப் பார்த்தாள். "இவளுக்குப் பரிட்சை வருதேம்மா."

"பரிட்சை முடிச்சிட்டு ஏப்ரல்ல வாங்க. ஒண்ணும் அவசரமில்ல." பிறகு என் பக்கம் திரும்பி, "முடிவு அக்காவோடது. அவங்களையே கேட்டுச் சொல்லும்மா" என்றார்.

"கேளுடி. போறேன்னு சொன்னா அனுப்பிச்சிடுறேன்" என்றாள் அம்மா.

பரீட்சையைக் காரணம் சொல்லவும் வழியில்லாமல் போயிற்று. மே மாதம் கலசப்பாக்கத்தில் சித்தி மகள் கல்யாணம். மாம்பழ மஞ்சளில் எனக்குப் பாவாடை தாவணி எடுத்தாயிற்று. அதற்குப் பிறகு தோழிகளோடு டைப்ரைட்டிங் வகுப்பு. அதை எல்லாம் விட்டுவிட்டு, தெரியாத ஊரில் மூன்று மாதம் காலையிலிருந்து ராத்திரி வரை ஒரு விரலாக மட்டும் இருப்பதா? எனக்கு இஷ்டமில்லை. உள்ளதைச் சொன்னால் அவ்வளவுதான்.

அக்காவின் கையை எடுத்து எழுதினேன்: "காது மெஷின் தராங்க. வேணுமா?"

முன்பே ஒரு காது மெஷின் வாங்கி, தலைவலியைத் தவிர ஒன்றும் வரவில்லை என்று அவள் தூக்கிப் போட்டிருந்தாள். அவள் என்ன சொல்வாள் என்று எனக்கு நன்றாகத் தெரியும்.

"வேணாம்! எனக்கு ஒண்ணும் வேணாம்!" என்று கத்தினாள். முகாமே திரும்பிப் பார்த்தது.

சென்னை அம்மாவுக்கு மனம் ஒப்பவில்லை. "சரியா கேட்டியா? இன்னொரு தரம் கேளும்மா" என்றார். எனக்கு இரண்டாவது தடவை ஒரு வாய்ப்பு கிடைத்தது. உள்ளங்கையைத் துடைத்தேன். அதே கேள்வியை, அதே பொய்யை, மறுபடி எழுதினேன்.

"வேணாம்னு சொல்றேன்ல, எத்தினி தரம் கேப்ப!"

நான் ஒரு பொய்கூட வாயால் சொல்லவில்லை, பாருங்கள். அவள் வாயாலேயே சொல்ல வைத்துவிட்டேன். அந்த அம்மா நோட்டில் ஏதோ குறித்துக்கொண்டு அடுத்த பெஞ்சுக்குப் போனார். கலசப்பாக்கம் கல்யாணத்துக்குப் போனேன். மஞ்சள் தாவணி எனக்கு நன்றாக இருக்கிறது என்று எல்லாரும் சொன்னார்கள். நன்றாகத்தான் சாப்பிட்டேன். அக்கா வீட்டில் தார் சுற்றிக்கொண்டிருந்தாள்.

இரண்டாயிரத்து இரண்டு தை மாதம் என்னைத் தேசூரில் கட்டிக் கொடுத்தார்கள். பத்திரிகை, சீர், பந்தல் எல்லாவற்றையும் யோசித்த வீட்டில், நான் போன பிறகு அக்காவோடு யார் பேசுவது என்று யாரும் யோசிக்கவில்லை. நான் யோசித்தேன், யோசிக்காத மாதிரி இருந்தேன். புறப்படும்போது அவள் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு, "இனிமே எனக்கு யார்டி எழுதுவா?" என்றாள். "அடிக்கடி வரேன்" என்று எழுதினேன். ஆறு மாதத்தில் இரண்டு தரம் போனேன்.

அவளா சும்மா உட்காருவாள்? அம்மாவைப் பிடித்துக்கொண்டாள். அம்மாவின் விரலைப் பேனா மாதிரி பிடித்து, தன் உள்ளங்கையிலேயே அ, ஆ எழுத வைத்தாள். "நாப்பத்தஞ்சு வயசுல எனக்கு எங்கடி வரும்?" என்று அம்மா அழுதாளாம். அவள் அழுதது அக்காவுக்குத் தெரியவில்லை, அதனால் பாடம் நிற்கவில்லை. ஆடிக்கு நான் தாய்வீட்டுக்கு வந்தபோது அம்மா எழுதிக்கொண்டிருந்தாள். ஒவ்வொரு எழுத்தும் உள்ளங்கை அகலம். ஒரு வரிக்குக் குழம்பு கொதித்து இறக்கும் நேரம் ஆகும். ஆனால் எதையும் சுருக்கத் தெரியாது அவளுக்கு. கீரைக்காரி பேசியது, பக்கத்து வீட்டுச் சண்டை, அப்பா திட்டியது, அவ்வளவும் போய்ச் சேரும். "இந்தத் தெருவுல இவ்ளோ நடக்குதாடி? நீ ஒண்ணுமே சொல்லலியே" என்று அக்கா என்னைக் கேட்டாள். சிரித்துக்கொண்டேதான் கேட்டாள்.

அன்று சமையற்கட்டில் வெங்காயம் உரித்துக்கொண்டே அம்மா சொன்னாள்: "ரொம்ப நாளா மனசுல இருந்துச்சு, நேத்து எழுதிக் கேட்டுட்டேன். அந்த மெட்ராஸ் அம்மா அவ்ளோ தூரம் கூப்ட்டாங்களே, ஏன்டி வேணான்னுட்டேன்னு. எந்த மெட்ராஸ் அம்மான்றா. பாவம், மறந்துட்டா போல."

திருடனுக்குத் தேள் கொட்டியது போல உட்கார்ந்திருந்தேன். கொஞ்ச நேரத்தில் அக்கா கூப்பிட்டாள்.

"பாப்பா, இங்க வா. அன்னிக்கு அந்த அம்மா இன்னா கேட்டாங்க? காது மெஷினா, வேற எதுனாவா?"

கையை நீட்டினாள். அப்போதாவது எழுதியிருக்கலாம். அவள் அடித்தால் வாங்கிக்கொண்டிருக்கலாம். "ஞாபகம் இல்லை" என்று எழுதினேன்.

"ரெண்டு தரம் கேட்டியே" என்றாள். பிறகு கையை எடுத்துக்கொண்டு மறுபடி நூல் சுற்ற ஆரம்பித்தாள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கப் பார்த்தது அவளுக்குத் தெரிந்துவிட்டது. தெரிந்துவிட்டது என்று எனக்கும் தெரியும். இருவரும் அதைப் பேசவில்லை.

அம்மா திருவண்ணாமலைக்கு மூன்று தரம் பஸ் ஏறி, ஆபீஸ் ஆபீஸாகக் கேட்டு, அந்தப் பள்ளியின் விலாசத்தைக் கண்டுபிடித்தாள். அக்காவே ஸ்கேலை வைத்து வரி பிடித்துக் கடிதம் எழுதினாள். முதல் மூன்று மாதம் கூடப் போய்த் தங்கியது, ஆறு மாதத்துக்கு முன் எழுத்துக் கற்றுக்கொண்ட எங்கள் அம்மா. அப்பா தானே பொங்கித் தின்றார். என்னை யாரும் வரச்சொல்லிக் கேட்கவில்லை.

ஒரு வருடம் கழித்து வெள்ளைக் குச்சியோடு ஆரணி பஸ் ஸ்டாண்டிலிருந்து வீடு வரைக்கும் தனியாக நடந்து வந்தாள். தெருவில் தறிக்கான பாவு நூலை நீளமாக விரித்துக்கொண்டிருந்தவர்கள் வேலையை நிறுத்திவிட்டுப் பார்த்தார்களாம். அதற்குப் பிறகு நடந்தது பேப்பரில் வந்ததுதான். காதும் கண்ணும் இரண்டும் இல்லாதவர்களை அரசாங்கப் படிவத்தில் தனியாகக் குறிக்க வேண்டும் என்று மனு மேல் மனு கொடுத்தாள். தெள்ளாரில் பின்கட்டு அறையிலேயே இருபது வருடம் இருந்த ஒரு பெண்ணைத் தேடிப் போய், அவள் வீட்டாருக்குக் கையில் எழுதச் சொல்லிக் கொடுத்தாள்.

எங்கே போனாலும் அவளுக்கு ஒரு முறை உண்டு. யார் என்ன கேட்டாலும் உடனே பதில் சொல்லமாட்டாள். கையில் எழுதப்பட்ட கேள்வியைச் சத்தமாகத் திருப்பிச் சொல்லி, "இதத்தான கேட்டீங்க?" என்பாள். கேட்டவர் ஆமாம் என்று சொல்லி, அதுவும் கைக்கு வந்த பிறகுதான் பதில். ஒரு அதிகாரி, "ஜல்தியா சொல்லுங்கம்மா, ஆளுங்க காத்துகினு இருக்காங்க" என்றாராம். "ஜல்தியா பதில் சொல்லிப் பட்டது போதும் சார்" என்றாளாம். நிருபர் அதைப் பாராட்டி எழுதியிருந்தார். தேசூரில் உட்கார்ந்து அதைப் படித்தேன். அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை.

இரண்டாயிரத்து எட்டில் ஆரணியில் ஒரு பள்ளியில் அக்காவைப் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். வழக்கமாகக் கையில் எழுதும் பெண்ணுக்குக் காய்ச்சல். "பாப்பாவ வரச் சொல்லு" என்றிருக்கிறாள். போனேன். அம்மா முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். நான் மேடையில் அக்காவின் கையைப் பிடித்துப் பிள்ளைகள் கேட்டதையெல்லாம் எழுதினேன். ஒரு எழுத்து விடவில்லை. எட்டாவது படிக்கும் ஒரு பெண் எழுந்தாள். "அக்கா, நீங்க ஏன் ஒவ்வொரு கேள்வியையும் திருப்பிச் சொல்றீங்க?"

எழுதினேன். அக்கா அதையும் திருப்பிச் சொன்னாள். சரி என்று அந்தப் பெண் சொன்னாள். அதையும் எழுதினேன். அக்கா மைக்கை என் பக்கம் நீட்டினாள்.

"இதுக்கு பதில் இவ சொல்லுவா. எம்மா, நீ மேல வா. இவ சொல்றத எனக்கு எழுது."

அம்மா வந்து அவள் கையைப் பிடித்தாள். அம்மாவின் விரல் மெதுவானது. அதனால் நானும் ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி நிறுத்திச் சொல்ல வேண்டியிருந்தது. முகாம். சென்னை அம்மா. பயிற்சிப் பள்ளி. "நான் அதை எழுதல. காது மெஷின் வேணுமான்னு மாத்தி எழுதினேன். ரெண்டு தரம்." அம்மாவின் விரல் பாதியில் நின்றது. என்னை நிமிர்ந்து பார்த்தாள். அத்தனை வருடமும் மகள்தான் வேண்டாம் என்றாள் என்று நினைத்திருந்தவள் அவள்.

"எழுதும்மா" என்றாள் அக்கா, கையை ஆட்டி.

அம்மா எழுதினாள். "எனக்குப் போக இஷ்டமில்ல. அதான்" என்று முடித்தேன். அதுவும் கைக்குப் போயிற்று. அக்கா மைக்கை வாங்கி, நான் சொன்ன முழுவதையும் ஒரு சொல் மாறாமல் திருப்பிச் சொன்னாள். "இதத்தான சொன்ன?" என்றாள். ஆமாம் என்றேன். அம்மா எழுதினாள்.

"பிள்ளைங்களா, யாருக்காவது நீங்க எழுதினா, கேட்டத கேட்ட மாதிரி எழுதுங்க" என்றாள். பிறகு மைக்கை இறக்கிவிட்டு, நான் நிற்கும் பக்கம் திரும்பினாள். மைக் இல்லாமலே அவள் குரல் கடைசி பெஞ்சு வரை கேட்கும்.

"எனக்கு அந்த ஆறு வருசம் வேணும் பாப்பா."

அம்மாவின் கையை விலக்கிவிட்டு, என்னிடம் உள்ளங்கையை நீட்டினாள். பதிலுக்காக நீட்டிக்கொண்டே இருந்தாள். நான் விரலை வைத்தேன். ஒரு எழுத்தும் எழுதாமலே அவள் உள்ளங்கையைத் துடைத்தேன்.