டெலிவிஷன் லைசென்சும் பக்கெட்டில் ஒரு மரமும்

பிள்ளைகளே, போன ஞாயிற்றுக்கிழமை தமிழ் வகுப்பு முடிந்து, சர்ச் பேஸ்மென்ட்டில் நீங்கள் எல்லோரும் டோனட் தின்றுகொண்டிருந்தபோது பேச்சுவாக்கில் ஒன்று சொல்லிவிட்டேன். "மெட்ராஸ்ல எங்க டெலிவிஷனுக்கு லைசென்ஸ் வெச்சிருந்தோம்" என்று.

அவ்வளவுதான்!

"டிவிக்கு லைசென்ஸா அங்கிள்?"

"ரோட் டெஸ்ட் உண்டா?"

"பேரலல் பார்க்கிங் பண்ணணுமா?"

கடைசிக் கேள்வியைக் கேட்டது யார் என்று எழுத மாட்டேன். வாரா வாரம் உங்களுக்காக நான் எழுதும் இந்தத் தாளை அவன் அம்மாவும் படிக்கிறார்கள். சிரித்த சிரிப்பில் ஒருத்திக்கு மூக்கு வழியாக ஆரஞ்சு ஜூஸ் வந்துவிட்டது.

எல்லோரும் அடங்கிய பிறகு பின்னாலிருந்து ஒரு குரல் மெதுவாகக் கேட்டது. "வேணாம்னா அதை எப்படி அங்கிள் கேன்சல் பண்றது?"

நல்ல கேள்வி. பதில் சொல்வதற்குள் உங்கள் கார்கள் வந்துவிட்டன. அதனால் இந்த வாரத் தாள் முழுவதும் அந்தக் கேள்விக்குத்தான்.

முதலில் விஷயம். அங்கே டிவி வாங்கினால் மட்டும் போதாது. போஸ்ட் ஆபீசுக்குப் போய் ஒரு சின்னப் புத்தகம் வாங்க வேண்டும். வருஷா வருஷம் அதில் ஸ்டாம்ப் ஒட்டி முத்திரை குத்தித் தருவார்கள். இல்லாவிட்டால்? மொட்டை மாடியில் ஆன்டெனா தெரிந்தால் போதும், போஸ்ட் ஆபீஸ் ஆட்கள் வந்து கதவைத் தட்டி, "லைசென்ஸ் எடுங்க" என்பார்கள். லைசென்ஸ் இருந்தும், டிவி பார்ப்பதற்கு முன்னால் நான் மாடிப்படியை ஒரு தடவை பார்த்துக்கொள்வேன். பழக்கம்!

எங்கள் டிவி கறுப்பு வெள்ளை. முன்னால் இழுத்து மூடும் மரக் கதவு, அதற்கு ஒரு பூட்டு. நாங்கள் இருந்தது பெரம்பூரில், ஒரு வீட்டின் மாடியில். கீழ் போர்ஷனில் என் சிநேகிதர் சேவியர். ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் என்னோடு வேலை பார்த்தவர். என் மனைவி, உங்கள் ஸ்டெல்லா ஆன்ட்டி, இங்கே அமெரிக்காவில் நர்ஸ் வேலை கிடைத்து முதலில் வந்தாள். அடுத்த வருஷம் நானும் எங்கள் மகள் பிரின்சியும் கிளம்பினோம். அப்போது அவளுக்கு ஐந்து வயது.

கிளம்பும் அன்று டிவியைச் சேவியர் வீட்டில் இறக்கி வைத்தேன்.

"ரெண்டே வருஷம் சேவியர். வந்து எடுத்துக்கிறேன். அதுவரைக்கும் நீங்க பாருங்க. லைசென்ஸ் மட்டும் என் பேர்லயே இருக்கட்டும்."

"அதுக்கென்னப்பா… உன் டிவி உன் டிவிதான்" என்றார் சேவியர்.

ரெண்டே வருஷம்! பிள்ளைகளே, இந்த வார்த்தையை உங்கள் வீட்டிலும் கேட்டிருப்பீர்கள். நாங்கள் வந்து ஐந்து வருஷம் ஆகிறது. இன்னும் அந்த ரெண்டு வருஷம் முடியவில்லை.

ரெண்டு வருஷத்தில் திரும்பிப் போகிறவன் எப்படி வாழ்வான் தெரியுமா? எந்தக் கடைக்குப் போனாலும், "டூ ட்வென்டி வோல்ட் இருக்கா?" என்று கேட்பான். ஊரில் ஓட வேண்டுமே! மிக்ஸி வந்த அட்டைப்பெட்டி, டோஸ்டர் வந்த அட்டைப்பெட்டி, டேப் ரெக்கார்டர் வந்த அட்டைப்பெட்டி என்று எதையும் தூக்கிப் போட மாட்டான். உள்ளே இருந்த தெர்மோகோலோடு பேஸ்மென்ட்டில் அடுக்கி வைப்பான். திரும்பிப் போகும்போது பேக் பண்ண வேண்டுமே! இங்கே மான்மவுத் ஜங்ஷனில் வீடு வாங்கினாலும் சுவரில் ஆணி அடிக்க மாட்டான். விற்கும்போது ஓட்டை தெரியுமே!

அந்த ஆள் வேறு யாருமில்லை. உங்கள் அங்கிள்தான்.

இந்த ஏப்ரல் கடைசியில், ஒரே வாரத்தில், எங்கள் வீட்டுக்கு இரண்டு வந்தன.

ஒன்று மரம். பிரின்சியின் ஸ்கூலில் ஆர்பர் டே என்று மரம் நடும் நாளுக்காக ஆளுக்கொரு கன்று கொடுத்தார்கள். உங்களில் பலரும் வாங்கியிருப்பீர்கள். ஒரு சாண் உயரம். கிறிஸ்துமஸ் மரச் சாதி. வேரில் ஈரக் காகிதம் சுற்றியிருந்தது. அதைக் குழந்தையைத் தூக்குவதுபோல் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு பஸ்ஸிலிருந்து இறங்கினாள்.

"டாடி, வேர் கேன் ஐ பிளான்ட் இட்?"

"பக்கெட்ல வைம்மா."

"பக்கெட்டா? இட்ஸ் எ ட்ரீ, டாடி!"

"நாம ஊருக்குப் போறப்போ மரத்தை யாரு பாத்துப்பா? பக்கெட்ல இருந்தா யாருக்காவது குடுத்துட்டுப் போலாம்ல?"

அவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு கராஜில் கிடந்த பழைய பெயிண்ட் பக்கெட்டில் மண் போட்டு நட்டாள். தினமும் தண்ணீர் ஊற்றினாள்.

இரண்டாவது, சேவியரின் ஏரோகிராம் கடிதம். அவர் அம்பத்தூரில் சொந்தமாக வீடு கட்டிவிட்டார்; குடி போக வேண்டும். டிவியையும் கொண்டு போக வேண்டும். ஆனால் லைசென்ஸ் என் பெயரில், பெரம்பூர் விலாசத்தில். போஸ்ட் ஆபீஸ் கவுண்டரில் கேட்டாராம். "இந்த லைசென்சை கேன்சல் பண்ணிட்டு, நீங்க உங்க பேர்ல புதுசா எடுங்க. கேன்சல் பண்றதுக்கு யார் பேர்ல இருக்கோ அவர்தான் காரணம் எழுதிக் கையெழுத்துப் போடணும்" என்றார்களாம். என்ன காரணம்? இரண்டில் ஒன்று. செட் இனி உபயோகப்படாது என்று எழுதலாம். இல்லாவிட்டால் சொந்தக்காரர் ஊரை விட்டே போய்விட்டார் என்று எழுதலாம்.

வேடிக்கையைப் பார்த்தீர்களா? லைசென்ஸ் எடுக்கப் போனபோது, "எதுக்குய்யா உனக்கு டிவி?" என்று யாரும் கேட்கவில்லை. நிறுத்தப் போகும்போதுதான் காரணம் கேட்கிறார்கள். லைசென்சுக்கு மட்டுமா… உலகத்தில் எல்லாவற்றுக்கும் அப்படித்தான்.

ஏரோகிராமை ஃப்ரிட்ஜ் மேல் வைத்தேன். அது அங்கேயே இருந்தது.

"என்ன, சேவியர் அண்ணனுக்கு எழுதினீங்களா?" என்றாள் ஸ்டெல்லா, ட்யூட்டிக்குக் கிளம்பிக்கொண்டே.

"எழுதணும். என்ன காரணம் எழுதறதுன்னுதான்…"

"செட்டு கெட்டுப்போச்சுன்னு எழுதுங்களேன்."

"அது எப்படி? அதே செட்டுக்குத்தானே அவரு புது லைசென்ஸ் கேட்கப் போறாரு? நாளைக்கு அவரைக் கூப்பிட்டுக் கேட்டா?"

"அப்ப உண்மையை எழுதுங்க."

"எது உண்மை?"

வெள்ளை ஷூவின் லேஸைக் கட்டிக்கொண்டிருந்தவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். "பேஸ்மென்ட்ல இருக்கிற டப்பா எல்லாம் ஒரு தடவை போய்ப் பாருங்க. எலி கடிச்சிருக்கு. உங்க ரெண்டு வருஷத்தை எலி தின்னு முடிச்சிருச்சு."

 கார் கிளம்பும் சத்தம் கேட்டது.

இதற்கிடையில் மரத்தின் நுனி பழுப்பாக ஆரம்பித்தது. பிரின்சி இன்னும் அதிகமாகத் தண்ணீர் ஊற்றினாள். பழுப்பு கீழே இறங்கியது. பக்கத்து வீட்டு ஜோ அங்கிள், பஸ் ஓட்டி ரிடையர் ஆனவர், வேலிக்கு அந்தப் பக்கமிருந்து எட்டிப் பார்த்து, "தட் ட்ரீ இஸ் ட்ரௌனிங், மை ஃப்ரெண்ட்" என்றார். பக்கெட்டுக்கு அடியில் ஓட்டை போடவே எங்களுக்குத் தோன்றவில்லை. கவிழ்த்தால் தண்ணீர் அழுகல் வாடையோடு வந்தது.

ஓட்டை போட்டேன். ஆனால் பிரின்சி அதோடு விடவில்லை.

"டாடி, மிஸ் சொன்னாங்க, பக்கெட்ல இருந்தா ரூட்ஸ் ரவுண்ட் அண்ட் ரவுண்ட் போகுமாம். தென் இட் டைஸ். ப்ளீஸ், கிரவுண்ட்ல வைக்கலாமா?"

"பார்க்கலாம்."

"நோ, டாடி. நீங்க எப்பவும் 'பார்க்கலாம்'தான் சொல்றீங்க. டாக் கேட்டேன், பார்க்கலாம். ரூமுக்கு எல்லோ பெயிண்ட் கேட்டேன், பார்க்கலாம். ஜஸ்ட் டெல் மீ. ஆர் வி கோயிங், ஆர் வி நாட் கோயிங்?"

பத்து வயசுப் பெண். அழவில்லை, கத்தவில்லை. பக்கெட்டின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு பதிலுக்காக நின்றாள்.

"உள்ள வாம்மா, சாப்பிடலாம்" என்றேன்.

அன்று சாப்பாடு முடிந்ததும் ஃப்ரிட்ஜ் மேலிருந்த ஏரோகிராமை எடுத்தேன். பதில் எழுதப் புதுத் தாள் ஒன்றும் எடுத்தேன். நான் எஸ்.எஸ்.எல்.சி. வரைதான். விண்ணப்பக் கடிதம் எல்லாம் எனக்குச் சுலபத்தில் வராது. 'உயர்திரு போஸ்ட்மாஸ்டர் அவர்களுக்கு' என்று ஆரம்பித்து, லைசென்ஸ் நம்பர், விலாசம் எல்லாம் எழுதியாயிற்று. 'காரணம் யாதெனில்' என்று எழுதி, பேனாவை அப்படியே பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

பிரின்சி வந்து என் தோளில் தாடையை வைத்துக்கொண்டாள். ஹோம்ஒர்க் முடிந்துவிட்டதாம்.

எழுதினேன்.

அவள் எழுத்துக் கூட்டிப் படித்தாள். "நான்… கு-டும்-பத்-தோடு… அ-மெ-ரிக்-கா-வில்… நி-ரந்-த-ர-மா-க…" நிறுத்தினாள். "டாடி, நிரந்தரமாகன்னா?"

"எப்பவும்னு அர்த்தம். இனிமே… எப்பவும்."

மீதியையும் படித்து முடித்தாள். 'குடியேறிவிட்டபடியால்.' அதற்கு அர்த்தம் கேட்கவில்லை. தோளிலிருந்து பாரம் போனது. திரும்பிப் பார்த்தால் ஆளைக் காணோம். வெளியே வெளிச்சம் இன்னும் இருந்தது. கிச்சன் ஜன்னல் வழியாகப் பார்க்கிறேன். பக்கெட்டைப் புல் மேல் தரதரவென்று இழுத்துக்கொண்டு போகிறாள்!

பின்னாலேயே ஓடினேன். தோண்ட வேண்டுமே, மண்வெட்டி? வீட்டில் கிடையாது. ரெண்டு வருஷத்தில் போகிறவனுக்கு மண்வெட்டி எதற்கு? பனி அள்ளும் ஷவலைக் கொண்டுவந்து குத்தினேன். பிளாஸ்டிக், வளைந்தது. பிரின்சி உள்ளே ஓடித் தோசைத் திருப்பியை எடுத்து வந்தாள். இதைப் பார்த்துக்கொண்டிருந்த ஜோ அங்கிள் தன் மண்வெட்டியை வேலிக்கு மேல் நீட்டினார்.

நட்டோம். வேர் உண்மையிலேயே பக்கெட்டைச் சுற்றி வளையம் போட்டிருந்தது. அதை விரலால் மெதுவாகப் பிரித்துவிட்டாள். கையெல்லாம் மண். ஸ்டெல்லா ட்யூட்டி முடிந்து வந்து காரிலிருந்து இறங்கி, என்னைப் பார்த்தாள், மரத்தைப் பார்த்தாள், என் கையிலிருந்த தோசைத் திருப்பியைப் பார்த்தாள்.

"அதைக் கழுவாம உள்ள கொண்டாராதீங்க" என்றாள். அவ்வளவுதான். ஆனால் சிரித்துக்கொண்டே சொன்னாள்.

மறுநாள் கடிதத்தைச் சேவியர் விலாசத்துக்குத் தபாலில் போட்டேன். மெயில் பாக்ஸின் மூடியை இரண்டு தடவை திறந்து பார்த்தேன். உள்ளே விழுந்துவிட்டதா என்று.

இந்தப் புதன்கிழமை சேவியரிடமிருந்து ஒரு கவர். உள்ளே நான் போஸ்ட்மாஸ்டருக்கு எழுதிய அதே கடிதம்! கூடவே சேவியரின் எழுத்து:

'அன்புள்ள நண்பா, உன் கடிதத்தை எடுத்துக்கொண்டு கவுண்டருக்குப் போனேன். அந்த ஆள் சிரிக்கிறார். டிவிக்கு லைசென்ஸ் என்பதையே கவர்மென்ட் எடுத்துவிட்டதாம். இனி யாருக்கும் தேவையில்லையாம். கேன்சல் பண்ணவும் தேவையில்லையாம். நீ ஒருத்தன் உன்னுடையதை ரத்து பண்ணச் சொல்லிக் கேட்டாய், ஊருக்கே ரத்து பண்ணிவிட்டார்கள்! உன் செல்வாக்கு அப்படி. டிவி அம்பத்தூரில் நன்றாகத் தெரிகிறது.'

ஆக, கேள்வி கேட்ட பிள்ளைக்குப் பதில்: டெலிவிஷன் லைசென்சை கேன்சல் பண்ணுவது எப்படி? சும்மா இருந்தாலே போதும். கொஞ்சம் பொறுத்தால் அதுவே கேன்சல் ஆகிவிடும்.

சேவியர் எழுதியதை வாய்விட்டுப் படித்து, நான் பெரிதாகச் சிரித்தேன். ஸ்டெல்லா சிரிக்கவில்லை. திரும்பி வந்த கடிதத்தை டேபிளில் விரித்து வைத்தாள்.

"அப்ப நீங்க எழுதினது அங்க யாருக்குமே போய்ச் சேரலை."

"சேரலை."

"அப்ப என்ன… எழுதினதை வாபஸ் வாங்கிக்கிறீங்களா?"

விளையாட்டாகத்தான் கேட்டாள். ஆனால் சீரியல் சாப்பிட்டுக்கொண்டிருந்த பிரின்சியின் ஸ்பூன் பாதி வழியில் நின்றது. என்னையே பார்த்தாள்.

'பார்க்கலாம்' நாக்கு நுனி வரைக்கும் வந்தது, பிள்ளைகளே. பொய் சொல்ல மாட்டேன்.

ஜன்னல் வழியாக வெளியே பார்த்தேன். மரத்தின் பழுப்பு நுனிகள் உதிர்ந்துவிட்டன. அவற்றுக்குப் பக்கத்தில் இளம்பச்சையாய், பூனைக்குட்டியின் நகம் அளவுக்குப் புதுத் துளிர்கள்.

கடிதத்தை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்தேன். "போஸ்ட்மாஸ்டருக்குச் சேரலைன்னா என்ன? சேர வேண்டிய ஆள் எழுத்துக் கூட்டிப் படிச்சாச்சு" என்றேன்.

ஸ்பூன் வாய்க்குப் போனது.

இந்தச் சனிக்கிழமையே கடைக்குப் போய் நாங்கள் வாங்கி வந்தவை: ஒரு மண்வெட்டி, ஒரு பொட்டலம் ஆணி, ஒரு டப்பா மஞ்சள் பெயிண்ட். நாய் விஷயம்… அதை மட்டும் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம்.

உங்களில் யாருக்காவது ஸ்கூல் ப்ராஜெக்ட்டுக்கு அட்டைப்பெட்டி வேண்டுமா? எங்கள் வீட்டுக்கு வாருங்கள். எலி விட்டுவைத்தது நிறைய இருக்கிறது, தெர்மோகோலோடு!